படியேறிப் போன தேதி

திருவண்ணாமலை
03-11-1993, புதன்கிழமை
(ஸ்ரீமுக ஆண்டு, ஐப்பசி 18)

அன்பு மகள் மணிமொழிக்கு அப்பா ஆசி கூறி எழுதுவது. இங்கே உன் தாயாரும் நானும் உடம்பைப் பொறுத்தமட்டில் குறையின்றி இருக்கிறோம், அங்கே பாரிஸில் குளிர் தொடங்கியிருக்கும், நீ அதற்குத் தக்கபடி உடுத்தி உண்டு நலமாக இருக்க வேண்டும் என்பதே எங்கள் வேண்டுதல். நீ 14-10-1993 தேதியிட்டு எழுதிய கடிதம் 25ஆம் தேதி திங்கட்கிழமை கிடைத்தது. உடனே பதில் எழுதாதது சோம்பலால் அன்று. என்ன எழுதுவது என்பதில் என் மனம் ஒரு பக்கம் நிற்காமல் இருந்தது, நேற்றுத்தான் ஒரு முடிவுக்கு வந்தேன். அதைச் சொல்லுமுன் வீட்டுச் செய்திகளை எழுதிவிடுகிறேன். கீழ்பென்னாத்தூர் நிலத்தில் மணிலாக் கடலைப் பயிர் இந்த ஆண்டு சுமார்தான், பூ வைக்கும் காலத்தில் மழை ஏய்த்துவிட்டு இப்போது தேவையில்லாதபோது பெய்கிறது. சமையலறை ஓட்டில் மூன்றிடங்களில் ஒழுகல், தீபத் திருவிழாவுக்குக் கூட்டம் வருமுன் ஆள் பிடித்துச் சரிசெய்ய வேண்டும், திருவிழா தொடங்கிவிட்டால் இந்த ஊரில் கொத்தனாரைக் கண்ணால் காண முடியாது. உன் தாயாருக்குச் சென்ற ஜூன் மாதம் செய்த கண் அறுவை நல்ல பலன் தந்திருக்கிறது, ஊசியில் நூல் கோக்கிறாள், பஞ்சாங்கத்தின் சிறிய எழுத்தையும் படிக்கிறாள். இதைக் குறிப்பாக எழுதுவதற்குக் காரணம் உண்டு. நடந்த பிழைக்கு அவள் கண்ணைக் குற்றம் சொல்ல முடியாது என்பதை நீ தெரிந்துகொள்ள வேண்டும்.

என் 29-09-1993 கடிதம் கோபத்தில் எழுதப்பட்டது, அதனால் நடந்ததை முறையாகச் சொல்லாமல் உன்னைக் கடிந்துகொண்டதே மிகுதி. இப்போது வரிசைப்படி எழுதுகிறேன். சென்ற ஆண்டு டிசம்பரில் நீ உன் அண்ணன் மாறனின் உடுப்பு ஒன்று படத்துக்கு வேண்டும் என்று கேட்டிருந்தாய். நான் உன் தாயாரிடம் மணி கேட்கிறாள் என்று மட்டும் சொன்னேன், அவள் பெட்டியைத் திறந்து அந்தக் கட்டம்போட்ட சட்டையை எடுத்து, துவைத்து, வெயிலில் உலர்த்தி, மடித்துக் கொடுத்தாள். செங்கம் சாலையில் அறை எடுத்துத் தங்கும் பிரெஞ்சுக்கார மாதலேன் அம்மையார், பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் உன்னையே தம்முடன் அழைத்துச் சென்று காப்பாற்றியவர், 18-01-1993 அன்று ஊருக்குப் புறப்படும்போது அந்தச் சட்டையையும் எடுத்துச் சென்றார். பிறகு செப்டம்பர் 27 அன்று உன் கேசட் தபாலில் வந்தது. நம் வீட்டில் கருவி இல்லாததால் பக்கத்து வீட்டு ராஜேந்திரன் நடத்தும் வீடியோ கடைக்கு இருவரும் போனோம். அவன் போட்டுப் பார்த்துவிட்டு, அய்யா அந்த ஊரு கேசட்டு வேற சிஸ்டம், இங்க கலர் வராது, ஆனா படம் ஓடும்னு சொல்லி நாற்காலி போட்டான். கறுப்பு வெள்ளையில்தான் பார்த்தோம். உன் குரல் கேட்டது, பிரெஞ்சு மொழியானதால் ஒன்றும் விளங்கவில்லை, மாறன் என்ற பெயர் மட்டும் நாலு இடத்தில் விளங்கியது. ஒரு பையன் பூமிக்கடியில் ஓடும் ரயிலில் உட்கார்ந்திருக்கிறான், காகிதத்தைப் பிரித்து ரொட்டி தின்கிறான், ஒரு சிறிய அறையில் கோப்பையைக் கழுவிக் கவிழ்க்கிறான், ஒரு வார்த்தையும் பேசவில்லை, கடைசியில் நீளமான படிக்கட்டில் ஏறி வெளிச்சத்துக்குள் போய்விடுகிறான். அவன் உடம்பில் நம் சட்டை. உன் தாயார் தானே ஒட்டுப்போட்ட பை, அதில் கட்டம் கோணலாக விழுந்திருப்பது திரையில் தெளிவாகத் தெரிந்தது. நம் மாறனைப் போலவே இடது தோள் சற்றுத் தாழ, எதையோ தோளில் சுமப்பவன்போல அவன் நடந்தான். மகளே, அந்த நடையைக் கண்டதும் நானே நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன். பிறகு உட்கார்ந்தேன், உட்காராமல் என்ன செய்வது. உன் தாயார் எழவில்லை, அழவில்லை. முழுவதும் பார்த்து முடித்துவிட்டு, பாத்தீங்களா, அவனுக்குத்தான் சட்டை கேட்டிருக்கா, நேரா சொன்னா போலீசு தெரிஞ்சிக்கும்னு படம் படம்னு எழுதியிருக்கா என்றாள்.

அதன்பின் நான் சொல்லாத வாதமில்லை. இது நடிப்பு, இவன் பெயர் சிவநேசன், கிளிநொச்சிப் பக்கத்துப் பிள்ளை, அங்கே அகதியாக வந்தவன், மணிமொழி கேசட்டுடன் அனுப்பிய கடிதத்திலேயே எழுதியிருக்கிறாள் என்று படித்துக் காட்டினேன். பேரை மாத்தி வச்சிருப்பாங்க, இல்லாட்டி விடுவாங்களா என்றாள். மாறன் பிறந்தது 02-02-1957, இன்று அவன் இருந்தால் முப்பத்தாறு வயது, அவன் பிறந்தபோது எனக்கிருந்த வயது, இந்தப் பையனுக்கு இருபத்துமூன்றுக்கு மேல் இராது என்றேன். அதற்கு அவள் குளுரு ஊர்ல வயசு சீக்கிரம் ஏறாது, அவனுக்கு ஏறலைன்னா உங்களுக்கு இன்னா, உங்களுக்கு ஏறிட்டுதேன்னு பொறாமையா என்று கேட்டாள். ராஜேந்திரன் சிரித்துவிட்டான், எனக்கும் சிரிப்பு வந்தது. ஏன் பேசவே இல்லை என்று கேட்டதற்குத் தொண்டை கட்டியிருக்கும் என்றாள். பத்திரப்பதிவு அலுவலகத்தில் முப்பத்தோராண்டு பணியாற்றிய எனக்கு எதிர்த்தரப்பை மடக்கத் தெரியும் என்று நினைத்திருந்தேன், உன் தாயாரிடம் தோற்றேன். இத்தனைக்கும் நீ செய்ததில் பிழைகள் உள. படத்தின் தொடக்கத்தில் இலையுதிர் காலம் 1980 என்று போட்டிருப்பதாக மறுபடி இங்கே வந்திருக்கும் மாதலேன் அம்மையார் சொன்னார். அவனைப் பிடித்துப்போனது 09-09-1980 செவ்வாய்க்கிழமை, ஆவணி 24, இந்த ஊரில் அப்போது எந்த இலையும் உதிர்வதில்லை, அன்று கடும் வெயில். அவனுக்கு வயது இருபத்திரண்டு என்றும் போட்டிருக்கிறாய், இருபத்துமூன்று நிரம்பி ஏழு மாதம் ஆகியிருந்தது. உலகமெல்லாம் காட்டப்போகும் படத்தில் இவற்றையாவது சரியாகப் போடக்கூடாதா.

உன் படங்களைப் பற்றி நான் இதுவரை ஒரு கருத்தும் எழுதியதில்லை. முதல் படத்தில் சிலி நாட்டுப் பெரியவர் தம் ஊர்ப் பேருந்து நிறுத்தங்களை வரிசை மாறாமல் சொல்லிக்கொண்டே பாரிஸ் தெருவில் நடப்பதாக எழுதியிருந்தாய். 1989இல் வந்த இரண்டாம் படத்தில் நம் மாவட்டத்தில் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய்மார்களைப் பற்றிச் சொன்னாய், அதற்குப் பிறகு இரண்டு முறை விண்ணப்பித்தும் உனக்கு விசா தரவில்லை. இப்போது இந்த மூன்றாவது படத்துக்குப் பரிசு என்று ஆங்கில நாளேட்டில் வந்த துண்டை மாதலேன் அம்மையார் கொண்டுவந்து கொடுத்தார். நாடிழந்தவர்களின் நினைவைத் தேடிச் செல்லும் கலைஞர் என்று எழுதியிருக்கிறார்கள். பெருமையாகத்தான் இருந்தது, இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் அந்த நினைவு ஒரு கேசட்டுக்குள் ஏறித் திரும்பி இங்கே வந்து என்ன செய்தது என்பதை எழுதியவர் அறியார். நீயும் உன் வருத்தத்தை எங்கேனும் வைக்க வேண்டுமே, அதற்குத் திரைதான் கிடைத்தது, அது எனக்குப் புரிகிறது. நாங்கள் எங்கே வைப்போம் என்பதுதான் எனக்குப் புரியவில்லை.

நீ வீட்டை விட்டுப் போனபின் இங்கே நடந்தவற்றில் ஒன்றை உனக்கு முழுதாக எழுதியதில்லை. கூலி உயர்வுக் கூட்டத்துக்குப் போன மாறனைக் கீழ்பென்னாத்தூர் பேருந்து நிறுத்தத்தில் சீருடையில்லாத நால்வர் ஜீப்பில் ஏற்றியதை ஊரே பார்த்தது, நான் போய்க் கேட்ட இடங்களில் எல்லாம் அப்படி ஒருவரை அழைத்து வரவே இல்லை என்றார்கள், இதுவரை நீ அறிந்தது. அவன் உயிருடன் இல்லை என்பதில் எனக்கு இரண்டாம் ஆண்டிலிருந்தே ஐயமில்லை. உன் தாயாரோ ஒவ்வொரு பௌர்ணமியும் அடி அண்ணாமலைக்குப் போய், கிரிவலப் பாதையில் அவள் தங்கை மகள் எழிலரசி வைத்திருக்கும் சோடாக் கடையில் மாலையிலிருந்து விடியும்வரை உட்கார்ந்து, நடந்து போகிறவர்களின் முகங்களைப் பார்ப்பாள். எங்கே மறைந்து திரிந்தாலும் ஒரு பௌர்ணமிக்கு மலையைச் சுற்ற வராமலா போவான் என்பது அவள் கணக்கு. முன்பெல்லாம் நூறு பேர் சுற்றினார்கள், இப்போது ஆயிரக்கணக்கில் வருகிறார்கள், அவ்வளவு முகங்களையும் பார்க்க வேண்டும் என்று மறுநாள் கண் வீங்கி வந்து படுப்பாள். காணாமற்போனவருக்குப் பன்னிரண்டு ஆண்டு கழிந்தால் தர்ப்பையால் உருவம் செய்து எரியூட்டிக் காரியம் முடித்து, அதன்பின் ஆண்டுதோறும் திதி கொடுக்கலாம் என்று நம் புரோகிதர் சொல்லியிருந்தார். சென்ற ஆண்டு செப்டம்பரில் பன்னிரண்டு நிரம்பியது. உன் தாயாரை இசைய வைக்க எனக்கு மேலும் ஓராண்டு பிடித்தது. இந்த ஆண்டு 15-10-1993 வெள்ளிக்கிழமை மகாளய அமாவாசையன்று அய்யங்குளத்தில் செய்வதென்று முடிவாகி, ஒரு நாள் அவளே வந்து, சரி, அவன் அலைஞ்சது போதும், செஞ்சிடலாம் என்றாள். அது ஆகஸ்ட் 30. நான்கு வாரத்தில் உன் கேசட் வந்தது. உசுரோட இருக்கிறவனுக்குப் புல்லுல பொம்மை செஞ்சிக் கொளுத்துவீங்களா, அப்பறம் அவனுக்கு ஏதாச்சும் ஆச்சுன்னா நீங்கதான் பொறுப்பு என்று அவள் சொன்னபோது அவளுக்குப் பின்னால் திறந்திருந்த கதவை நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆயினும் அமாவாசையன்று நான் தனியே குளத்துக்குப் போனேன். படித்துறை முழுவதும் கூட்டம். மகளே, தம்பி இருந்தால் அண்ணனுக்குச் செய்வான், நமக்கு அதுவும் இல்லை, தகப்பன் மகனுக்குச் செய்ய உட்கார்ந்தேன். புரோகிதர் பெயர் கேட்டார், சொன்னேன். நட்சத்திரம் கேட்டார், சொன்னேன். போன திதி தெரியுமா என்றார். தெரியாது என்றேன். தெரியலன்னா பரவால்லைங்க, இன்னிக்கே வச்சிக்கலாம், அமாவாசை எல்லாருக்கும் பொது என்றார். அவர் ஆறுதலாகத்தான் சொன்னார். எனக்கு ஆறவில்லை. தேதியில்லாத பத்திரத்தை நான் ஒருநாளும் பதிவுக்கு ஏற்றதில்லை, என் மகனை நாள் தெரியாதவர்களின் வரிசையில் எப்படி நிறுத்துவேன். ஜீப்பில் ஏற்றிய தேதியை எழுதுங்கள் என்று உறவினர் பலர் சொல்லியிருக்கிறார்கள், அது அவனைப் பிடித்துப்போன தேதி, அவன் போன தேதி அன்று, அதற்குப்பின் எத்தனை நாள் எந்த அறையில் அவன் உயிருடன் இருந்தான் என்பதை அறிந்தவர்கள் வாய் திறக்கமாட்டார்கள். அந்த நாட்களையும் அவனிடமிருந்து பறித்து ஆவணி 24 என்று நானே எழுதிவிட மாட்டேன். அதே வேளையில் உன் தாயார் ராஜேந்திரன் கடையில் உட்கார்ந்து அவன் ரொட்டி தின்பதைப் பார்த்துக்கொண்டிருப்பாள் என்பதும் நினைவுக்கு வந்தது. தர்ப்பையை வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டேன். புரோகிதர் என்னைக் கூப்பிட்டார், நான் திரும்பிப் பார்க்கவில்லை.

இனி உன் கடிதத்துக்கு வருகிறேன். வரும் நவம்பர் 28 ஞாயிற்றுக்கிழமை ராஜேந்திரன் கடைத் தொலைபேசியில் கூப்பிட்டு, சிவநேசனையும் அருகில் வைத்துக்கொண்டு, அவன் குரலையே கேட்கச் செய்து, அம்மாவிடம் உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்று எழுதியிருக்கிறாய். அப்படிச் செய்யும்படி உனக்குக் கட்டளையிட்டவனும் நான்தான். அந்தக் கட்டளையை இன்று திரும்பப் பெறுகிறேன். காரணம் இதுதான். அக்டோபர் 30 சனிக்கிழமை பௌர்ணமி. உன் தாயார் அடி அண்ணாமலைக்குப் போகவில்லை. மாலையில் விளக்கேற்றினாள், சாப்பிட்டாள், படுத்தாள், விடியும்வரை புரளாமல் தூங்கினாள், நான்தான் விழித்திருந்தேன். ஞாயிறு காலை எழிலரசி பதறிக்கொண்டு வந்தாள். இன்னா பெரிம்மா, மாசாமாசம் வந்து ஒக்காந்துகினு வர்றவன் போறவன் மூஞ்சியெல்லாம் பாப்பே, நேத்து நீ வரலைன்னதும் எனக்கு யாவாரமே ஓடல, உடம்பு கிடம்பு சரியில்லையோன்னு ஓடியாந்தேன் என்றாள். உன் தாயார் அவளுக்குக் காப்பி கலந்து கொடுத்துக்கொண்டே, இன்னாத்துக்குடி வரணும், அவன்தான் இருக்கிற எடம் தெரிஞ்சுபோச்சே, இன்னமே அந்த நாற்காலியை யாவாரத்துக்கு வச்சிக்கோ என்றாள். எழிலரசி என்னைப் பார்த்தாள். நான் செய்தித்தாளை விரித்து முகத்தை மறைத்துக்கொண்டேன். பதின்மூன்றாண்டாக அந்த நாற்காலியிலிருந்து இவளை எழுப்ப வேண்டும் என்று நான் பட்ட பாடு உனக்குத் தெரியாது. எழுந்துவிட்டாள். பொய்யினால்தான் எழுந்தாள். உண்மையைச் சொன்னால் அடுத்த பௌர்ணமிக்கே மறுபடி அங்கே போய் உட்காருவாள், அவளுக்கு வயது அறுபத்தைந்து, மார்கழிப் பனியில் இனி அவள் உடம்பு தாங்காது. சொல்லாவிட்டால் அவள் கண்ணெதிரே என் மகனுக்குக் காரியமே கிடையாது. இரண்டில் எதுவும் எனக்கு நல்லதாகப் படவில்லை. நல்லது என்று ஒன்று மிச்சமிருப்பதாகவும் நான் நம்பவில்லை.

அந்தப் பிள்ளை சிவநேசனை இதில் பேச வைக்காதே. அவன் தாயார் வவுனியாப் பக்கம் ஏதோ முகாமில் இருக்கலாம், இவன் உயிருடன் இருப்பது அவளுக்குத் தெரியுமோ தெரியாதோ என்று எழுதியிருந்தாய். தன் தாயிடம் நான் இருக்கிறேன் என்று சொல்ல வழியில்லாதவன் இன்னொரு தாயிடம் நான் உன் மகன் இல்லை என்று சொல்ல வேண்டுமா. வேண்டாம். நீ கூப்பிடு, உன் குரலைக் கேட்க அவள் காத்திருக்கிறாள். பொய் சொல்லும்படி உனக்கு நான் எழுதமாட்டேன், என் கையால் அப்படி ஒரு வரி எழுதியதில்லை. மாறன் எங்கே என்று அவள் கேட்டால், அவன் படியேறிப் போனான் அம்மா, அதுவரைதான் நான் பார்த்தேன் என்று சொல். உன் படத்தில் இருப்பதும் அதுவே, நம் எல்லோருக்கும் தெரிந்ததும் அவ்வளவே. உன் தாயார் இதோ அருகில் நின்று ஒரு செய்தி சேர்க்கச் சொல்கிறாள், அவள் சொன்னபடியே எழுதுகிறேன். சட்டையில ரெண்டாவது பொத்தான் ஆடுது, படத்துல நல்லாத் தெரியுது, விழறதுக்கு முந்தி தைச்சிக்கச் சொல்லு, மேல ஸ்வெட்டர் போட்டுக்கச் சொல்லு, ஜாஸ்தி அலைய வேணாம்னு சொல்லு. எழுதிவிட்டேன் என்று அவளுக்குப் படித்துக் காட்டினேன், தலையசைத்துவிட்டு உள்ளே போனாள்.

அடுத்த படத்துக்காக என்னைப் பேசச் சொல்லி ஒலிப்பதிவுக் கருவி அனுப்புவதாக எழுதியிருக்கிறாய், அனுப்ப வேண்டாம். எனக்கு வேறொன்று வேண்டும். அவன் படிக்கட்டில் ஏறி வெளிச்சத்துக்குள் மறையும் அந்தக் காட்சியை நீ எடுத்த நாள் எது. ஆங்கிலத் தேதி, மாதம், கிழமை, அவன் மேற்படியில் மறைந்தபோது அங்கே மணி என்ன என்பதையும் எழுது. திதி நடுப்பகலில் மாறலாம் என்பதால் மணி இன்றியமையாதது. உங்கள் நாட்டில் மார்ச் மாதக் கடைசியில் கடிகாரத்தை ஒரு மணி முன்னே தள்ளி வைப்பார்களாமே, அதற்கு முன்னா பின்னா என்பதையும் குறிப்பிட்டால் இந்திய நேரத்துக்கு நானே மாற்றிக்கொள்வேன். பலமுறை எடுத்திருப்பாயானால் படத்தில் உள்ளது எதுவோ அதன் தேதி. அவனை அவன் சட்டையில், அவன் நடையில் கடைசியாகக் கண்டவர்கள் நாங்கள், அவன் படியேறிய அந்த நாளுக்காவது ஒரு திதி உண்டு. அடுத்த ஆண்டு அதே திதியில் அய்யங்குளம் போவேன், என் தகப்பனாருக்கு என்று உன் தாயாரிடம் சொல்லிக்கொள்வேன். இதுதான் நான் சொல்லப்போகும் முதற் பொய்யாக இருக்கும். எனக்கு வயது எழுபத்திரண்டு, எத்தனை ஆண்டு போக முடியுமோ அத்தனை ஆண்டு போவேன், எனக்குப் பின் போக யாருமில்லை என்பதும் எனக்குத் தெரியும்.

நீ நீண்ட ஆயுளோடும் தெளிந்த மனத்தோடும் இருக்க அண்ணாமலையார் அருள்புரியட்டும். குளிரில் காதை மூடிக்கொண்டு வெளியே போ, இரவில் வெறும் ரொட்டியோடு நிறுத்தாமல் சோறு வடித்துச் சாப்பிடு. தேதியை மறவாதே. தோராயமாக எழுதாதே, குறிப்பேட்டைப் பார்த்து எழுது.

உன் அன்புத் தந்தை,
கோ. வேடியப்பன்